பிரிட்டிஷ் ஜெனரல்களில் சிறந்த தலைவர் யார்? என் ஓட்டு ஏன் ஸ்லிம்முக்கு

கேள்வி இது: "இரண்டாம் உலகப்போர் பிரிட்டிஷ் ஜெனரல் என்றாலே எல்லோரும் மாண்ட்கோமரியைச் சொல்கிறார்கள். ஆனால் ராணுவ வரலாறு படிப்பவர்கள் சிலர் வில்லியம் ஸ்லிம் என்கிறார்கள். யார் அவர்? தலைவராக அவரிடம் அப்படி என்ன இருந்தது?"

என் ஓட்டு ஸ்லிம்முக்குத்தான். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், கீழே வரப்போவது நடுநிலையான ஒப்பீடு இல்லை. மாண்ட்கோமரியைப் பற்றி எழுத ஆளுக்குப் பஞ்சமில்லை. அவரே தன்னைப் பற்றி வேண்டிய அளவு எழுதிவிட்டார்.

லண்டனில் உள்ள தேசிய ராணுவ அருங்காட்சியகம் 2011-ல், பிரிட்டனின் தலைசிறந்த ஜெனரல் யார் என்று ஒரு வாக்கெடுப்பு நடத்தியது. வெல்லிங்டனும் ஸ்லிம்மும் சமமாக முதலிடத்துக்கு வந்தார்கள். வெல்லிங்டன் வாட்டர்லூவில் நெப்போலியனை வென்றவர். 1799-ல் திப்பு சுல்தான் இறந்த ஸ்ரீரங்கப்பட்டண முற்றுகையிலும் இருந்தவர் என்பதால் நமக்கும் பழக்கமான பெயர். அவர் பிரபு வீட்டுப் பிள்ளை. ஸ்லிம் 1891-ல் பிரிஸ்டலில் ஓர் இரும்புச் சாமான் வியாபாரிக்குப் பிறந்தவர். குடும்பம் பிறகு பர்மிங்ஹாமுக்குக் குடிபெயர்ந்தது. படிப்பு முடிந்ததும் ஏழைப் பிள்ளைகள் படிக்கும் ஆரம்பப் பள்ளியில் கொஞ்ச நாள் வாத்தியார் வேலை, அப்புறம் இரும்புக் குழாய் செய்யும் கம்பெனியில் குமாஸ்தா. சாண்ட்ஹர்ஸ்ட் ராணுவக் கல்லூரிக்கெல்லாம் போக வசதி இல்லை. பர்மிங்ஹாம் பல்கலைக்கழகத்தில் மாணவராக இல்லாமலேயே, அங்கிருந்த அதிகாரிகள் பயிற்சிப் படையில் எப்படியோ இடம் பிடித்துவிட்டார். 1914 ஆகஸ்டில் போர் வெடித்ததும் ராயல் வார்விக்ஷயர் ரெஜிமெண்டில் அவரை இளநிலை அதிகாரியாக எடுத்துக்கொண்டார்கள்.

அதே ரெஜிமெண்டில்தான் ஆறு வருடம் முன்னால், 1908-ல், மாண்ட்கோமரியும் சேர்ந்திருந்தார். இந்தியப் படையில் சேரத்தான் அவருக்கு ஆசை. சாண்ட்ஹர்ஸ்ட் தேர்ச்சிப் பட்டியலில் அதற்கு வேண்டிய இடம் கிடைக்கவில்லை. ஒருவருக்குக் கிடைக்காத இந்தியா மற்றவருக்கு வாழ்க்கையாகிவிட்டது.

ஸ்லிம் 1915-ல் துருக்கியின் கலிபோலியில் படுகாயம் பட்டார். பிறகு மெசொப்பொத்தேமியாவில் (இன்றைய ஈராக்) மறுபடி காயம், கூடவே ஒரு வீரப் பதக்கம். கலிபோலியில் பக்கத்திலேயே நின்று சண்டையிட்ட கூர்க்காக்களைப் பார்த்து மனதைப் பறிகொடுத்தவர், போர் முடிந்ததும் இந்திய ராணுவத்துக்கு மாறி 6-வது கூர்க்கா ரைபிள்ஸில் சேர்ந்தார். மனம் கவர்ந்தது ஒரு காரணம் என்றால் பணம் இன்னொரு காரணம். அந்தக் காலத்தில் பிரிட்டனிலுள்ள நல்ல ரெஜிமெண்டுகளில் அதிகாரியாக இருக்க வேண்டுமானால் சம்பளம் போதாது, வீட்டிலிருந்தும் பணம் வந்தாக வேண்டும். இந்திய ராணுவத்தில் சம்பளத்தை வைத்தே குடும்பம் நடத்தலாம். அதுவும் போதாமல் புனைபெயரில் பத்திரிகைகளுக்குக் கதை எழுதிக் காசு பார்த்தார். அந்தப் பயிற்சி வீண் போகவில்லை. 1956-ல் அவர் வெளியிட்ட பர்மா போர் நினைவுகள், ஜெனரல்கள் எழுதியவற்றில் மனிதக் குரலில் பேசும் அபூர்வமான புத்தகம். மற்ற ஜெனரல்களின் நினைவுக் குறிப்புகள் சிலவற்றைப் படித்திருக்கிறேன். பெரும்பாலானவை "நான் சொன்னேன், யாரும் கேட்கவில்லை" என்ற ஒரே பல்லவிதான். இவர் நேர்மாறாக, எங்கெங்கே தப்புச் செய்தேன் என்று கணக்கு எழுதி வைத்திருக்கிறார்.

அவர் தப்புகளின் கணக்கில் முதல் வரவு 1940 நவம்பர், சூடான் எல்லையிலுள்ள கல்லாபத். அப்போது ஸ்லிம் 10-வது இந்திய பிரிகேடின், அதாவது சில ஆயிரம் பேர் கொண்ட படைப்பிரிவின், தளபதி. இத்தாலியர்கள் பிடித்துவைத்திருந்த கோட்டையைக் கைப்பற்றிவிட்டார். ஆனால் டாங்குகள் கண்ணிவெடியிலும் பாறையிலும் மாட்டிச் செயலிழந்தன. இத்தாலிய விமானங்கள் குண்டு போட்டதில் எசெக்ஸ் ரெஜிமெண்டின் பட்டாலியன் (சில நூறு பேர் கொண்ட பிரிவு) ஒன்றில் பீதி பரவி, ஆட்கள் பின்னால் ஓடிவந்தார்கள். அடுத்த நாள் தாக்குதலைத் தொடர்வதா, பின்வாங்குவதா? அதிகாரிகளிடம் கேட்டார். பெரும்பாலோர் எச்சரிக்கையாக இருக்கச் சொன்னார்கள். பின்வாங்கினார். எதிரில் இருந்த இத்தாலியர்கள் இடத்தைக் காலிசெய்யும் மனநிலையில் இருந்தது அப்புறம்தான் தெரியவந்தது. தன் பயத்தின் பேச்சைக் கேட்டு முடிவெடுத்துவிட்டேன் என்று பின்னாளில் எழுதினார். இரண்டு வழிகள் சமமாகத் தோன்றினால் துணிச்சலான வழியை எடுப்பது என்று அவர் தனக்கு வகுத்துக்கொண்ட விதி அங்கே பிறந்தது. 1945-ல் ஐராவதி ஆற்றங்கரையில் அந்த விதிக்கு என்ன ஆனது என்பதைப் பிறகு சொல்கிறேன்.

கல்லாபத்துக்கு ஒரு வால் உண்டு. ஓடிவந்த பட்டாலியனின் கமாண்டரை ஸ்லிம் பதவியிலிருந்து தூக்கினார். நோயல் இர்வின் என்ற ஜெனரலும் அதே எசெக்ஸ் ரெஜிமெண்ட்காரர். அவர் இதை மறக்கவே இல்லை.

1942 மார்ச்சில் ரங்கூன் விழுந்தது. அந்தச் சமயத்தில்தான் ஸ்லிம்மை அழைத்து பர்மா கோரை, அதாவது அடிபட்டு நின்ற இரண்டு டிவிஷன்களையும் ஒரு டாங்கு பிரிகேடையும், கையில் கொடுத்தார்கள். வெல்வதற்கு எந்த வழியும் இல்லாத பொறுப்பு. பிரிட்டிஷ் ராணுவ வரலாற்றிலேயே மிக நீண்ட பின்வாங்கல் அது, 1,400 கிலோமீட்டருக்கும் மேல். ஏப்ரலில் யெனங்யாங் எண்ணெய் வயல்களைத் தங்கள் கையாலேயே கொளுத்திவிட்டு நகர்ந்தார்கள். அங்கே ஜப்பானியர்களிடம் மாட்டிக்கொண்ட 1-வது பர்மா டிவிஷனை மீட்க உதவியவர் சுன் லி-ஜென் என்ற சீன ஜெனரல். ஸ்லிம் தன்னிடமிருந்த டாங்குகளையும் பீரங்கிகளையும் அந்தச் சீனரின் கட்டளைக்குக் கீழே விட்டார். 1942-ல் ஒரு பிரிட்டிஷ் ஜெனரல் ஆசியத் தளபதி ஒருவரின் கீழ் தன் டாங்குகளை வைப்பது சாதாரண விஷயம் இல்லை.

மே மாதம் மழை பிடிக்கும் நேரத்தில் சிந்த்வின் ஆற்றைக் கடந்து இம்பாலுக்கு வந்து சேர்ந்தார்கள். டாங்குகளை ஆற்றங்கரையிலேயே விட்டுவிட வேண்டியதாகிவிட்டது. எலும்பும் தோலுமாக, கந்தலாக வந்தார்கள்; ஆனால் துப்பாக்கியைக் கீழே போடவில்லை, அணிவகுத்துத்தான் வந்தார்கள். பிரியும்போது அந்த ஆட்கள் ஸ்லிம்மைப் பார்த்து ஆரவாரம் செய்தார்கள். வென்ற படை வாழ்த்துவது வேறு, தோற்றுப் பின்வாங்க வைத்த படை வாழ்த்துவது வேறு, அது ஆளைக் கூச வைக்கும் என்று எழுதியிருக்கிறார்.

இதே பாதைகளில்தான், அதே மாதங்களில், பர்மாவிலிருந்த இந்தியர்களும் நடந்துகொண்டிருந்தார்கள். நான்கைந்து லட்சம் பேர். ரங்கூன் துறைமுகக் கூலிகள், வட்டிக்கடை வைத்திருந்த செட்டியார்கள், அவர்களிடம் கணக்கு எழுதியவர்கள், தெலுங்கர், ஒடியர், வங்காளி. பல்லாயிரம் பேர் காலராவிலும் மலேரியாவிலும் பசியிலும் வழியிலேயே செத்தார்கள். "பர்மாவில் இருந்து நடந்தே வந்தவர்" என்று சொல்லப்படும் ஒரு தாத்தாவோ பாட்டியோ நம்மில் பலர் வீட்டில் உண்டு. ராணுவத்தின் பின்வாங்கலை மட்டும் படித்தால் இந்தக் கதை ஓரத்தில் ஒரு வரியாகப் போய்விடும்.

இம்பாலில் நடந்த வரவேற்பு கேவலம். வந்தவர்களுக்குக் கூடாரம் கூட இல்லை, மழையில் மரத்தடியில் படுக்க வைத்தார்கள். அங்கே பொறுப்பில் இருந்தவர் வேறு யாரும் இல்லை, இர்வின்தான். அவர் பேசிய தோரணையைப் பார்த்து, ஒரு மேலதிகாரி இவ்வளவு முரட்டுத்தனமாக நடந்துகொள்வார் என்று நினைக்கவில்லை என்று ஸ்லிம் சொன்னாராம். நான் உனக்கு சீனியர், நான் பேசுவது முரட்டுத்தனம் ஆகாது என்றாராம் இர்வின். ஆபீஸ் வேலை பார்த்த எல்லோருக்கும் ஒரு இர்வினைத் தெரிந்திருக்கும்.

அடுத்த வருடம் பர்மாவின் மேற்குக் கடலோரமான அராகானில் இர்வின் நடத்திய படையெடுப்பு படுதோல்வி. நிலைமை கைமீறிய பிறகு ஸ்லிம்மை உள்ளே இழுத்துவிட்டு, தோற்றதும் பழியை அவர் தலையில் போட்டுப் பதவி நீக்கப் பார்த்தார். டெல்லியில் முடிவு வேறு மாதிரி வந்தது. 1943 மே மாதம் ஸ்லிம்முக்கு இர்வினிடமிருந்தே ஒரு செய்தி: வேலை போனது உனக்கு இல்லை, எனக்கு.

அக்டோபரில் ஸ்லிம் கிழக்குப் படைக்குத் தளபதியானார். அதுதான் சில வாரத்தில் 14-வது ஆர்மி ஆனது. மேலே தென்கிழக்கு ஆசியாவின் தலைமைத் தளபதியாக மௌண்ட்பேட்டன். "மறக்கப்பட்ட படை" என்று தங்களைத் தாங்களே கேலியாகச் சொல்லிக்கொண்ட படை இது. எல்லாப் பொருளும் முதலில் ஐரோப்பாவுக்குப் போகும். மிச்சம் மீதி இருந்தால் பர்மாவுக்கு.

ஸ்லிம்மின் தலைமை என்றதும் பலர் நேரே 1945-ல் பர்மாவில் நடந்த மெய்க்டீலா யுத்தத்துக்குப் போய்விடுவார்கள். என்னைக் கேட்டால் மாத்திரையில்தான் தொடங்க வேண்டும். 1943-ல், காயம்பட்டு ஒருவரைப் பின்னால் அனுப்பினால், நோயில் விழுந்து 120 பேரை அனுப்ப வேண்டியிருந்தது. மலேரியா மட்டுமே வருடத்துக்கு நூற்றுக்கு 84 பேரைப் படுக்க வைத்தது. இந்தக் கணக்கில் போனால் ஜப்பானியர்கள் சுடவே வேண்டாம், கொசுவே போரை முடித்துவிடும். முன்பு நோயாளிகளை நூற்றுக்கணக்கான மைல் தள்ளி இந்தியாவுக்குள் அனுப்புவார்கள். போனவர் திரும்ப மாதக்கணக்கில் ஆகும். ஸ்லிம் சிகிச்சை முகாம்களைப் போர்முனைக்குச் சில மைல் பின்னாலேயே போட வைத்தார். சில வாரத்தில் ஆள் வேலைக்குத் திரும்பிவிடுவார். பலத்த காயம் பட்டவர்களை விமானத்தில் ஏற்றினார்கள்.

மலேரியாவைத் தடுக்க தினமும் மெப்பாக்ரின் மாத்திரை சாப்பிட வேண்டும் என்று உத்தரவு. சிப்பாய்களுக்கு அதில் விருப்பமில்லை. தோல் மஞ்சளாகும், ஆண்மை போய்விடும் என்று வதந்தி வேறு. சுற்றறிக்கை விட்டுக் கெஞ்சிக்கொண்டிருக்கவில்லை ஸ்லிம். திடீரென்று ஒரு பட்டாலியனுக்குப் போய் எல்லோரையும் பரிசோதிக்கச் சொல்வார். நூற்றுக்கு 95 பேருக்குக் குறைவாக மாத்திரை சாப்பிட்டிருந்தால் கமாண்டருக்கு வேலை போகும். மூன்று பேரைத்தான் நீக்க வேண்டியிருந்தது, அதற்குள் மற்றவர்களுக்குப் புரிந்துவிட்டது. சாப்பிடாத சிப்பாயைத் தண்டிக்காமல் அவனுக்குப் பொறுப்பானவரைத் தண்டித்தார் என்பதைக் கவனியுங்கள். 1945-ல் நோயில் விழுகிறவர்கள் நாளுக்கு ஆயிரத்தில் ஒருவர் என்ற அளவுக்குக் குறைந்துவிட்டார்கள்.

உணவிலும் அப்படித்தான். முன்னணிப் படைகளுக்கு அரை ரேஷன் என்றால் தன் தலைமையகத்துக்கும் அரை ரேஷன் என்று உத்தரவு போட்டார். அதனால் மிச்சமாகும் அரிசி ஒன்றும் பெரிதில்லை, அது அவருக்கே தெரியும். ஆனால் அங்கே மேசையில் உட்கார்ந்து சப்ளைத் திட்டம் போடுகிறவர்கள் நல்ல பசியுள்ள இளம் அதிகாரிகள். வயிறு காய்ந்தால் லாரி சீக்கிரம் கிளம்பும்.

பாராசூட் கேட்டால் கிடைக்கவில்லை. விமானத்திலிருந்து சாமான் போட பட்டுத் துணிப் பாராசூட்டுக்கு வழியில்லை என்று ஆனதும், ஸ்லிம்மின் சப்ளை அதிகாரி ஸ்னெல்லிங் கல்கத்தா சணல் ஆலைக்காரர்களிடம் போனார். வங்காளத்தில் சணலுக்கா பஞ்சம்? சணலிலேயே பாராசூட் தைத்தார்கள். பட்டில் ஒன்று 20 பவுண்டு ஆகுமென்றால் சணலில் ஒன்று சுமார் ஒரு பவுண்டு. மனிதர் குதிக்க உதவாது, அரிசி மூட்டை குதிக்கத் தாராளமாகப் போதும். மழையில் கரையும் மண் பாதைக்கு, தாரில் நனைத்த சாக்குத் துணியை நீளம் நீளமாக விரித்து ஓடுபோல ஒன்றன்மேல் ஒன்று ஒட்டினார்கள். அப்படி நூறு மைலுக்கு மேல் லாரி போகும் ரோடு வந்தது. சிந்த்வின் கரையிலுள்ள கலேவாவில் தேக்கை அறுத்து நூற்றுக்கணக்கில் படகுகள் கட்டினார்கள். ஆற்றுக் காவலுக்கு இரண்டு சிறு போர்ப்படகுகளும் அங்கேயே செய்து, தன் மகள் பெயரில் ஒன்று 'யூனா', மௌண்ட்பேட்டன் மகள் பெயரில் ஒன்று 'பமேலா' என்று ஸ்லிம் பெயர் வைத்தார். போர்க்கப்பலுக்குப் பெயர் வைக்க உமக்கு யார் அதிகாரம் கொடுத்தது என்று லண்டன் கடற்படைத் தலைமையகத்திலிருந்து கண்டனம் வந்ததாம்!

சரி, சண்டைக்கு வருவோம். ஜப்பானியர் காட்டில் மாயாவிகள், அவர்களை வெல்ல முடியாது என்ற பயம்தான் 1943-ல் படைக்குள் இருந்த பெரிய நோய். இதற்கு ஸ்லிம் கொடுத்த மருந்து சின்ன வெற்றிகள். முதலில் சிறு ரோந்துக் குழுக்கள் காட்டுக்குள் போய் ஒரு எதிரி நிலையை அடித்துவிட்டுத் திரும்பும். கதை முகாமெங்கும் பரவும். அப்புறம் சில பத்துப் பேர் கொண்ட ஒரு ஜப்பானியப் பிளாட்டூனை அடிக்க முழு பட்டாலியன், ஒரு கம்பெனியை அடிக்க முழு பிரிகேட். எலியை அடிக்க யானையா என்று கேட்டவர்களும் இருந்தார்கள். யானை கையில் இருக்கிறது, எலி மிஞ்சாவிட்டாலும் பரவாயில்லை என்றால் அதில் என்ன தப்பு என்கிற ரீதியில் பதில் சொன்னார். இன்னொரு கட்டளை: எதிரி உங்கள் பின்னால் வந்துவிட்டால் ஓடாதீர்கள், அங்கேயே நில்லுங்கள், வானத்திலிருந்து சாப்பாடு வரும், சூழப்பட்டது நீங்கள் இல்லை, அவர்கள்தான். சமையல்காரர், குமாஸ்தா, ஆஸ்பத்திரிக்காரர் எல்லோரும் துப்பாக்கி பிடிக்கத் தெரிந்திருக்க வேண்டும். 1944 பிப்ரவரியில் அராகானில் 7-வது இந்திய டிவிஷனைச் சுற்றி வளைத்த ஜப்பானியர்கள், வழக்கம்போல எதிரி ஓடுவான், விட்டுப்போன சாப்பாட்டை எடுத்துக்கொள்ளலாம் என்று எதிர்பார்த்தார்கள். யாரும் ஓடவில்லை. மூன்று வாரத்தில் ஜப்பானியர்களுக்குத்தான் சாப்பாடு தீர்ந்தது.

மார்ச்சில் முட்டகுச்சி என்ற ஜப்பானிய ஜெனரல் சுமார் 85,000 பேருடன் சிந்த்வினைக் கடந்து இம்பாலையும் அதற்கு வடக்கே நாகா மலையிலுள்ள கோஹிமாவையும் நோக்கி வந்தார். மூன்று வாரத்துக்கு மட்டும் உணவு, கூடவே நடத்தி வந்த மாடுகள். மீதியை ஸ்லிம்மின் கிடங்குகளிலிருந்து பிடித்துக்கொள்ளும் திட்டம். ஸ்லிம்மின் திட்டமும் இந்தப் பசியின் மேல்தான் நின்றது: தன் படைகளை எல்லையிலிருந்து இம்பால் சமவெளிக்குப் பின்னால் இழுத்து, எதிரியை ஆறும் மலையும் தாண்டி வரவிட்டு, அவர்கள் சப்ளைப் பாதை நீண்டு அறுந்து மழையும் பிடிக்கும்போது அடிப்பது.

திட்டம் நல்லது. நடத்தியதில் கோளாறு, ஸ்லிம்மே ஒப்புக்கொண்ட கோளாறு. பின்னால் வரச் சொல்லும் உத்தரவு தாமதமாகி, 17-வது டிவிஷன் பர்மாவுக்குள் இருந்த திட்டிமிலிருந்து அடித்துப் பிடித்துக்கொண்டு வர வேண்டியதாயிற்று. கோஹிமா இன்னும் மோசம். அந்த மலைப்பாதையில் ஒரு ரெஜிமெண்டுக்கு மேல் வர முடியாது என்று கணக்குப் போட்டிருந்தார். ஒரு முழு டிவிஷன், அதைவிடப் பல மடங்கு படை, வந்து நின்றது. காப்பாற்றியது இரண்டு. ஒன்று விமானம்: அராகானில் இருந்த 5-வது இந்திய டிவிஷனை பீரங்கி, கோவேறு கழுதை சகிதம் தூக்கிக்கொண்டு வந்து இறக்கினார்கள். இன்னொன்று கோஹிமா மேட்டில் இருந்த சிறு காவல்படையின் பிடிவாதம். டெபுடி கமிஷனர் பங்களாவின் டென்னிஸ் மைதானத்துக்கு இந்தப் பக்கம் இவர்கள், அந்தப் பக்கம் அவர்கள். கையெறி குண்டு வீசும் தூரம். கோஹிமாவிலேயே மல்லுக்கட்டிக்கொண்டிராமல் கீழே திமாப்பூர் ரயில் நிலையத்துக்குப் போயிருந்தால் மொத்த சப்ளையும் ஜப்பானியர் கையில் சிக்கியிருக்கும். எதிரித் தளபதி சட்டோ போகவில்லை. தன் தப்பைத் தன் ஆட்களின் வீரமும் எதிரியின் பிடிவாதமும் சேர்ந்து திருத்தின என்பதை ஸ்லிம் மறைக்கவே இல்லை. ஜெயித்த ஜெனரல் இதை எழுதுவது எவ்வளவு அரிது என்று நான் சொல்லத் தேவையில்லை.

முற்றுகையில் இருந்த இம்பாலுக்கு வானத்திலிருந்து வந்தது சுமார் 19,000 டன் சப்ளை. ஜப்பானியர்களுக்கு எதுவும் வரவில்லை. சட்டோ ஒருகட்டத்தில் மேலிட உத்தரவை மீறித் தன் படையைத் திருப்பிக்கொண்டு போய்விட்டார். ஜூன் 22-ல் கோஹிமா-இம்பால் ரோடு திறந்தது. ஜப்பானியத் தரப்பில் செத்தவர், காயம்பட்டவர் 50,000-க்கு மேல். பலரைக் கொன்றது பசியும் நோயும். அவர்களோடு நேதாஜியின் இந்திய தேசிய ராணுவமும் வந்திருந்தது. மலாயா ரப்பர் தோட்டத் தமிழர்கள் ஏராளமாகச் சேர்ந்த படை அது. எதிர்ப்பக்கத்தில், 14-வது ஆர்மிக்குப் பாலமும் ரோடும் போட்டவர்களில் "தம்பி" என்று செல்லமாக அழைக்கப்படும் மெட்ராஸ் சாப்பர்கள் இருந்தார்கள். இரண்டு பக்கமும் தமிழ் கேட்ட போர்க்களம். ஸ்லிம் தேசிய ராணுவத்தை மதித்ததில்லை. அது அவர் இந்திய ராணுவ அதிகாரியின் கண்ணால் பார்த்த பார்வை. நாம் அதை ஏற்க வேண்டியதில்லை.

டிசம்பரில் வைஸ்ராய் வேவல் இம்பாலுக்கே வந்து ஸ்லிம்முக்கு 'சர்' பட்டம் கொடுத்தார். அதே மாதம் சிந்த்வின் ஆற்றின்மேல் 1,154 அடி நீளத்துக்கு, துண்டுதுண்டாகக் கொண்டுபோய் மாட்டும் பெய்லி பாலம் நின்றது. அந்த வகையில் அன்று உலகிலேயே நீளமானது.

இப்போது ஐராவதி. சிந்த்வினுக்கும் ஐராவதிக்கும் இடையிலுள்ள சமவெளியில் எதிரியைச் சந்தித்து நொறுக்குவது ஸ்லிம்மின் முதல் திட்டம். புதிய ஜப்பானியத் தளபதி கிமுரா புத்திசாலி, ஆற்றுக்குப் பின்னால் போய்விட்டார். மாதக்கணக்காகப் போட்ட திட்டம் ஒரே நாளில் வீண். சில நாட்களில் ஸ்லிம் புதியது போட்டார். ஒரு கோர் மாண்டலேக்கு வடக்கே ஆற்றைக் கடந்து, மொத்தப் படையும் அங்கேதான் வருவதுபோலச் சத்தம் போடும். இன்னொரு கோர் மேற்கே காட்டுப் பாதையில் 300 மைலுக்கு மேல் ரகசியமாக இறங்கி, தெற்கே பகான் பக்கத்தில் ஆற்றைத் தாண்டி, கிமுராவின் விமான தளமும் கிடங்குகளும் இருக்கும் மெய்க்டீலாவைப் பிடிக்கும். அந்த கோர் இன்னும் வடக்கேதான் இருக்கிறது என்று எதிரி நம்ப, தமுவில் ஒரு போலித் தலைமையகம் உட்கார்ந்து பொய்யான ரேடியோச் செய்திகளை அனுப்பிக்கொண்டிருந்தது. சப்ளைக்குக் கணக்கு இழுபறி, விமானம் போதாது, மழைக்கு முன் ரங்கூனுக்குப் போகாவிட்டால் நடுவழியில் பட்டினி. பாதுகாப்பான வழியும் ஒன்று இருந்தது. கல்லாபத்தில் தவறவிட்டதை இங்கே எடுத்தார்.

1945 பிப்ரவரி 14-ல் ஆற்றைத் தாண்டினார்கள். மார்ச் முதல் வாரத்தில் மெய்க்டீலா விழுந்தது, 20-ல் மாண்டலே. மே தொடக்கத்தில் ரங்கூன். கடைசி ஓட்டத்தில் மழை இரண்டு வாரம் முன்கூட்டியே பிடித்து, தரைவழியே வந்தவர்கள் பெகுவுக்குப் பக்கத்தில் சேற்றில் மாட்ட, கடல் வழியாக வந்த படைதான் முதலில் நகருக்குள் போனது. ஜப்பானியர்கள் அதற்குள் காலிசெய்துவிட்டார்கள்.

இவ்வளவுக்கும் பரிசு? ரங்கூன் பிடிபட்ட சில நாட்களில், மேலதிகாரி ஆலிவர் லீஸ் வந்து, நீங்கள் களைத்துவிட்டீர்கள், 14-வது ஆர்மியை வேறொருவரிடம் கொடுக்கலாம் என்றார். லீஸ் மாண்ட்கோமரியின் வளர்ப்பு, இத்தாலியில் 8-வது ஆர்மியை நடத்திவிட்டு வந்தவர். ஸ்லிம் சத்தம் போடவில்லை, ராஜினாமாவுக்குத் தயாரானார். சத்தம் கீழேயிருந்து வந்தது. செய்தி பரவியதும் படைக்குள் கொந்தளிப்பு. சிப்பாய்கள் அவரை "அங்கிள் பில்" என்று கூப்பிடுவார்கள், அந்த உரிமை. லண்டனில் தலைமைத் தளபதி ஆலன் புரூக்குக்கும் கோபம். முடிவில் பதவி போனது லீஸுக்கு. அவர் நாற்காலியில் ஸ்லிம். இர்வின் கதை இரண்டாம் முறை.

அவரிடம் பேச்சுத் திறமை இருந்தது என்று பலர் எழுதுகிறார்கள். அலங்காரப் பேச்சு ஒன்றும் இல்லை. ஜீப் மேல் ஏறி நின்று ஆங்கிலத்தில், உருதுவில், கூர்க்காலியில் பேசுவார். நாடு, சுதந்திரம் எல்லாம் கடைசியில் ஒரு வரி. அதற்கு முன் சாப்பாடு, சம்பளம், லீவு, கடிதம் எப்போது வரும், போர் எந்த நிலையில் இருக்கிறது. மாண்ட்கோமரியும் சிப்பாய்களிடம் பேசுவதில் கெட்டிக்காரர்தான். இரண்டு பேட்ஜ் குத்திய தொப்பி, பத்திரிகைக்காரர்கள், எல்லாமே ஒரு மேடை. எகிப்தில் நடந்த அல் அலமைன் யுத்தத்துக்கு முன் சோர்ந்துகிடந்த படைக்கு அது தேவைப்பட்டது என்பதை மறுக்க மாட்டேன். ஆனால் 1944 செப்டம்பரில் நெதர்லாந்தின் ஆர்ன்ஹெம் பாலத்தைப் பிடிக்கப் போய்ச் சொதப்பியதை அவர் கடைசிவரை வெற்றி என்றே விற்றுக்கொண்டிருந்தார்.

ஸ்லிம்மைத் தெய்வமாக்கவும் வேண்டாம். 1944-ல் அவர் எதிரிக்கு விமானமும் இல்லை, சோறும் இல்லை. அவருக்கு அமெரிக்கப் போக்குவரத்து விமானங்கள் கிடைத்தன. அவர் படையின் பின்புறம் 1943-ன் வங்காளப் பஞ்சம், சுமார் 30 லட்சம் பேர் செத்த நிலம். அவர் மீட்டுக்கொடுத்தது பர்மியர்களுக்குப் பர்மாவை அல்ல, பிரிட்டனுக்குப் பர்மாவை. ஆஸ்திரேலியாவில் அவர் 1953 முதல் 1960 வரை கவர்னர் ஜெனரலாக இருந்தபோது, ஒரு பண்ணைப் பள்ளியில் சிறுவர்களாக இருந்த சிலர் அவர்மேல் பாலியல் புகார் சொன்னார்கள். அது வெளிவந்தது 1970-ல் அவர் இறந்து பல ஆண்டுகளுக்குப் பிறகு. நீதிமன்றத்தில் விசாரிக்கப்படவில்லை, ஆனால் கான்பெராவில் ஒரு சாலைக்கு இருந்த அவர் பெயரை எடுத்துவிட்டார்கள். யார் அவர் என்று கேட்டீர்கள், அதனால் இதையும் சொல்ல வேண்டும்.

கடைசியாக மாண்ட்கோமரி சம்பந்தப்பட்ட ஒரு கதை. 1948-ல் மாண்ட்கோமரி பிரிட்டிஷ் ராணுவத்தின் தலைமைப் பதவியிலிருந்து விலகினார். அடுத்து யார்? ஸ்லிம் அப்போது ஓய்வு பெற்று ரயில்வேயில் வேலை பார்த்துக்கொண்டிருந்தார். இந்திய ராணுவத்துக்காரர் யாரும் அதுவரை அந்த நாற்காலியில் உட்கார்ந்ததில்லை. பிரதமர் அட்லி ஸ்லிம் என்றார். நான் ஏற்கனவே ஜெனரல் ஜான் குரோக்கரிடம் நீங்கள்தான் என்று சொல்லிவிட்டேனே என்றார் மாண்ட்கோமரி. அப்படியானால் போய் இல்லை என்று சொல்லிவிடுங்கள் என்றாராம் அட்லி.

லண்டனில் வைட்ஹால் பக்கம் போனால் பாதுகாப்பு அமைச்சகத்தின் வெளியே இருவர் சிலையும் ஒரே வரிசையில் நிற்கும். பெயர்ப்பலகை படிக்க வேண்டாம். பெரே தொப்பி வைத்தவர் மாண்ட்கோமரி. அகல விளிம்புக் காட்டுத் தொப்பியும் கையில் பைனாகுலரும் வைத்திருப்பவர் ஸ்லிம்.